வீடு, வண்டி, இரும்புப் பட்டை

சிறை அலுவலக மேசையில் காவலர் ஒருவர் சாப்பிட்டுக்கொண்டிருக்கிறார். உள்ளே சற்று முன்புதான் ஒரு மரண தண்டனை நிறைவேறியிருக்கிறது. அதை நிறைவேற்றிய கிழவர் வெளியே வருகிறார். குள்ளமான உருவம், கரகரத்த குரல், பார்ப்பவர்களிடமெல்லாம் மரியாதையாகப் பேசும் சுபாவம். தன் கைப்பையை அவர் அந்தச் சாப்பாட்டு மேசையிலேயே வைக்கிறார். பைக்குள் இருப்பது கழுத்தை இறுக்கிக் கொல்லும் இரும்புப் பட்டையும் அதன் திருகும். காவலருக்கு அதற்குமேல் சாப்பாடு இறங்கவில்லை. சவப்பெட்டியோடு வந்திருந்த கம்பெனி ஊழியர்கள் கிழவரைத் தங்கள் வண்டியில் ஏற்றிக்கொள்கிறார்கள். இறங்கும்போது அவர் பையை மறந்துவிடுகிறார். அதைத் திருப்பிக் கொடுக்க ஓர் ஊழியன் அவர் வீடு வரை போகிறான். அங்கே கிழவருக்கு ஒரு மகள்.

மறந்துபோன ஒரு பையைக் கொண்டுபோய்க் கொடுத்ததற்காக அந்த இளைஞன் படம் முடிவதற்குள் அதே பையைச் சுமக்க வேண்டியவனாகிறான். 1963இல் வெளிவந்த அந்த ஸ்பானியப் படத்தின் பெயர் ‘எல் வெர்துகோ’. மரண தண்டனையை நிறைவேற்றுபவன் என்று பொருள். இலங்கைத் தமிழில் இதற்கு ‘அலுகோசு’ என்று ஒரு சொல் உண்டு, போர்த்துக்கீசியர் விட்டுச்சென்றது. அன்றைய ஸ்பெயினில் தூக்குக்கயிறு கிடையாது, இரும்புப் பட்டைதான். ஆகவே ‘தூக்குப் போடுபவன்’ என்று எழுதினால் பிழையாகும். இந்தக் கட்டுரை முழுக்க நான் அலுகோசு என்றே எழுதுகிறேன்.

இயக்குநர் லூயிஸ் கார்சியா பெர்லாங்காவின் பெயரோடு சேர்த்தே இந்தப் படத்தை உலகம் நினைவில் வைத்திருக்கிறது. ஸ்பானிய மொழிக் கழகம் 2020இல் அவர் பெயரிலிருந்து பிறந்த ஓர் உரிச்சொல்லைத் தன் அகராதியில் சேர்த்தது: ‘பெர்லாங்கியானோ’. அபத்தமும் பரிதாபமும் கூட்டத்தின் கூச்சலும் கலந்த நிலைமையைக் குறிக்க ஸ்பானியர்கள் அன்றாடம் புழங்கும் சொல் அது. அந்தச் சொல் சுட்டுகிற உலகத்தில் பாதிக்கு மேல் இன்னொருவருடைய மேசையிலிருந்து வந்தது என்பது என் துணிபு. அவர் ரஃபாயேல் அஸ்கோனா. 1958 முதல் 2008 வரை, ஐம்பது ஆண்டுகள், ஸ்பெயினிலும் இத்தாலியிலும் அவர் எழுதிய திரைக்கதைகள் எண்பதைத் தாண்டும். அவற்றை நகைச்சுவை என்கிறோம். ஆனால் அவற்றில் துணுக்கு கிடையாது, சிரிப்பு நடிகருக்கென்று தனியாக ஒதுக்கிய இடமும் கிடையாது. ஒரு வீடு என்ன விலை, ஒரு வண்டிக்கு எத்தனை தவணை, அதைக் கட்ட முடியாத மனிதன் எதை விற்பான் என்ற கணக்கு மட்டும் இருக்கும். அந்தக் கணக்கைக் கடைசி வரி வரைக்கும் அஞ்சாமல் போட்டுப் பார்த்தவர் என்பதால்தான் அவரை இருபதாம் நூற்றாண்டின் பெரிய திரை எழுத்தாளர்களில் ஒருவராக நான் கருதுகிறேன்.

1926 அக்டோபர் 24 அன்று வடக்கு ஸ்பெயினில், லா ரியோகா வட்டாரத்தின் லொக்ரோன்யோ நகரத்தில் பிறந்தார். அப்பா தையற்காரர். பத்து வயது நிரம்புவதற்கு மூன்று மாதம் இருக்கையில் உள்நாட்டுப் போர் தொடங்கியது. தொடங்கிய வேகத்திலேயே லொக்ரோன்யோ கலகப் படைகளின் கைக்குப் போயிற்று. அதன் பிறகு அவருடைய பிள்ளைப் பருவம் முழுக்க, பின்னாளில் சர்வாதிகாரியான ஃபிராங்கோவுடைய தரப்பின் பின்புலத்தில், ஊர்வலங்களுக்கும் பூசைகளுக்கும் நடுவே கழிந்தது. 1951இல் கவிஞராகும் கனவோடு மத்ரித்துக்கு வந்தார். வாடகை விடுதிகளில் தங்கி, வரேலா என்ற காப்பிக்கடையில் நடந்த கவிதை வாசிப்புகளுக்குப் போய்வந்தார். அங்கே பழக்கமான கேலிச்சித்திரக்காரர் அந்தோனியோ மிங்கோட்டே அவரை ‘லா கொதோர்னிஸ்’ பத்திரிகைக்கு அழைத்துப்போனார். ‘காடைக்குருவி’ என்று பொருள்படும் அந்த நகைச்சுவை வார இதழ் 1941இல் தொடங்கியது. சர்வாதிகாரத்தின் கீழ் வாய்விட்டுச் சிரிக்கக் கிடைத்த மிகச் சில இடங்களில் அதுவும் ஒன்று. அங்கே அஸ்கோனா படைத்த பாத்திரம் விசென்டே என்ற அதிகப்பிரசங்கிச் சிறுவன். பெரியவர்கள் சொல்லிக்கொடுத்த நல்லொழுக்கத்தை எல்லாம் ஒப்பித்து, அதனாலேயே எல்லோருக்கும் எரிச்சல் மூட்டும் பிள்ளை. அந்தச் சிறுவனைப் பற்றிய புத்தகம் 1955இல் வந்தது. அடுத்த ஆண்டே ஒரு நாவல், அதற்கடுத்த ஆண்டு இன்னொன்று.

அவரைச் சினிமாவுக்கு இழுத்தவர் ஸ்பானியரே அல்லர். மார்கோ ஃபெர்ரேரி, இத்தாலியர். அகலத்திரைப் படப்பிடிப்புக்கான லென்ஸ்களை விற்க மத்ரித்துக்கு வந்தவர். அஸ்கோனாவின் நாவலொன்றைப் படித்துவிட்டு அதைப் படமாக்க விரும்பினார். ஒரு சாவு வீட்டைப் பற்றிய அந்தக் கதையைத் தணிக்கை அனுமதிக்கவில்லை. இரண்டாவதாகக் கையில் எடுத்ததுதான் ‘எல் பிசீத்தோ’, அதாவது ‘குட்டி வீடு’. நாவல் 1957இலும் படம் அடுத்த ஆண்டிலும் உருவாயின. இயக்குநராக ஃபெர்ரேரிக்கும் திரைக்கதையாளராக அஸ்கோனாவுக்கும் அதுவே முதல் படம்.

அந்தக் கதையின் விதை பார்சலோனாவில் நடந்த ஓர் உண்மைச் சம்பவம். ஓர் இளைஞன் தள்ளாத கிழவி ஒருத்தியைத் திருமணம் செய்துகொண்டான், அவள் குடியிருந்த வீட்டின் வாடகை உரிமைக்காக. இதைப் புரிந்துகொள்ள அன்றைய சட்டம் கொஞ்சம் தெரிய வேண்டும். 1946ஆம் ஆண்டின் நகர்ப்புற வாடகைச் சட்டம் பழைய வாடகைகளை உறையவைத்திருந்தது. குத்தகைதாரர் இறந்தால் கணவனோ மனைவியோ அதே வாடகையில் தொடரலாம் என்றது. இன்னொரு பக்கம் கிராமங்களிலிருந்து மக்கள் மத்ரித்துக்குள் வெள்ளமாக வந்துகொண்டிருந்தார்கள். புது வீடு வேண்டுமென்றால் சம்பளக்காரன் நினைத்துப் பார்க்க முடியாத விலை. ஆகவே ஒரே வீட்டுக்குள் அறை அறையாக உள்வாடகைக்கு விட்டார்கள். அடுப்பைப் பயன்படுத்தும் உரிமைக்குத் தனி விலை. காதலர்கள் வீடு கிடைக்கட்டும் என்று ஆண்டுக்கணக்காகக் காத்திருந்து நரை கண்டார்கள்.

படத்தில் ரொதோல்ஃபோவும் பெத்ரீத்தாவும் அப்படிக் காத்திருந்து களைத்துப்போனவர்கள். ரொதோல்ஃபோ உள்வாடகைக்கு இருக்கும் வீட்டின் குத்தகை, தோன்யா மார்த்தினா என்ற கிழவியின் பெயரில் இருக்கிறது. அவள் போய்விட்டால் வீட்டுக்காரர் எல்லோரையும் வெளியேற்றிவிடுவார். கிழவியைக் கட்டிக்கொள், சீக்கிரம் போய்விடுவாள் என்கிறார்கள். சொல்பவர்களில் பெத்ரீத்தாவும் உண்டு. அவன் தயங்கித் தயங்கிச் சம்மதிக்கிறான். திருமணமான தெம்பில் கிழவிக்கு உடம்பு தேறிவிடுகிறது.

இந்த இடத்தில் ஒரு சாதாரண நகைச்சுவைக்காரன் கிழவியை வில்லியாக்கியிருப்பான், அல்லது பெத்ரீத்தாவைப் பேராசைக்காரி ஆக்கியிருப்பான். அஸ்கோனா இரண்டையும் செய்யவில்லை. கிழவிக்கு ரொதோல்ஃபோ மேல் பாசம் வருகிறது. இவனுக்கும் அவளைப் பார்த்துக்கொள்ளும் பழக்கம் வந்துவிடுகிறது. பெத்ரீத்தாவின் முகம் மட்டும் ஒவ்வொரு காட்சிக்கும் கடுத்துக்கொண்டே போகிறது. அவள் இளமை அந்தக் காத்திருப்பிலேயே தீர்ந்துவிட்டது, அதற்கு யாரும் ஈடு கொடுக்கப்போவதில்லை. கடைசியில் கிழவி இறக்கிறாள். அந்த அழுகையில் ரொதோல்ஃபோவின் கண்ணீர் மட்டும் நிஜமாக இருக்கிறது. வீடு கிடைத்துவிட்டது. எனக்கு இந்தப் படத்தின் முடிவு ஒரு கொலையைவிடக் கனமாகத் தெரிகிறது, ஏனென்றால் இதில் யாரும் எந்தச் சட்டத்தையும் மீறவில்லை.

ஸ்பானிய மொழியில் ஒரு பொருளின் பெயருக்குப் பின்னால் ‘இத்தோ’ சேர்த்தால் அது சின்னதாகவும் செல்லமாகவும் ஆகிவிடும். நாம் ‘வீட்டுக்குட்டி’ என்று சொன்னால் எப்படி இருக்குமோ அப்படி. அஸ்கோனாவும் ஃபெர்ரேரியும் அடுத்து எடுத்த படத்தின் பெயரிலும் அதே விகுதி: ‘எல் கொச்செசீத்தோ’, ‘குட்டி வண்டி’, 1960. கால்பந்து மைதானத்துக்கு வெளியே கண்ட ஒரு காட்சியிலிருந்து இது பிறந்ததாக அஸ்கோனா பின்னாளில் சொல்லியிருக்கிறார். மாற்றுத்திறனாளிகள் சிலர் மோட்டார் வைத்த மூன்று சக்கர வண்டிகளில் ஆட்டம் பார்த்துவிட்டுத் திரும்புகிறார்கள். தோற்ற அணியின் மேல் அவர்களுக்குக் கோபம். ஆட்டக்காரர்களை அவர்கள் திட்டிய வசவு, ‘நொண்டிகள்’. கேட்டுக்கொண்டிருந்தவருக்கு அந்த ஒரு வார்த்தை போதுமாக இருந்தது.

அதிலிருந்து எழுந்த கதையின் நாயகன் தோன் அன்செல்மோ. மனைவியை இழந்தவர், வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர், மகன் வீட்டில் ஓர் ஓரத்தில் வாழ்கிறவர். கால்கள் நன்றாக இருக்கின்றன. அவருடைய நண்பர் ஒருவருக்கு மோட்டார் வண்டி வருகிறது. வண்டிக்காரர்கள் கூட்டமாகச் சேர்ந்து ஊருக்கு வெளியே உல்லாசப் பயணம் போகிறார்கள். நடக்கத் தெரிந்த ஒரே குற்றத்துக்காக அன்செல்மோ தனியாகிவிடுகிறார். வண்டி கேட்கிறார், மகன் மறுக்கிறான். கால் வரவில்லை என்று நடிக்கிறார், பலிக்கவில்லை. இறந்த மனைவியின் நகைகளைக் கொடுத்துவிட்டு வண்டி வாங்கி வருகிறார், மகன் அதைத் திருப்பிக் கொடுக்கவைக்கிறான். அப்போது கிழவர் குடும்பத்தின் சாப்பாட்டுப் பாத்திரத்தில் விஷத்தைக் கொட்டிவிட்டு வண்டியை எடுத்துக்கொண்டு நெடுஞ்சாலையில் போகிறார். காவல் படையினர் மடக்குகிறார்கள். சிறையில் இந்த வண்டியை வைத்துக்கொள்ள விடுவார்களா என்பதுதான் அவர் அவர்களிடம் கேட்கும் கேள்வி.

கிழவராக நடித்தவர் ஹோசே இஸ்பெர்ட். மூன்றாண்டு கழித்து ‘எல் வெர்துகோ’வில் பையை மறந்துபோகப்போகிறவரும் இவரே. மேடை நகைச்சுவையில் பழுத்த கலைஞர். பிற்காலத்தில் குரல் கெட்டு, ஒவ்வொரு சொல்லும் சரளைக்கல்லை உருட்டுவது போல வரும். அந்தக் குரலில் கெஞ்சல் இருக்கிறது, பிடிவாதம் இருக்கிறது, தீமை மட்டும் துளியும் இல்லை. அஸ்கோனாவின் எழுத்துக்கு அப்படி ஒரு குரல் வாய்த்தது பெரும்பேறு. கிழவர் செய்கிற காரியம் பயங்கரமானது என்று நமக்குத் தெரிகிறது. ஆனால் அந்தக் கூட்டத்தில் சேர்த்துக்கொள்ளப்படாத ஞாயிற்றுக்கிழமையின் தனிமையும் நமக்குத் தெரிந்துவிட்டது. இரண்டையும் ஒருசேரச் சுமந்துகொண்டுதான் அரங்கத்தை விட்டு வெளியே வர முடியும். தணிக்கையாளர்களால் அதைச் சுமக்க முடியவில்லை. கிழவர் மனம் மாறித் தொலைபேசியில் வீட்டை எச்சரிப்பது போல முடிவை மாற்றவைத்தார்கள். வெனிஸ் விழாவில் சர்வதேச விமர்சகர் கூட்டமைப்பின் பரிசு பெற்ற படம் சொந்த நாட்டில் இப்படி முடமாகத்தான் ஓடியது.

அந்தச் சமயத்தில்தான் அஸ்கோனாவும் பெர்லாங்காவும் சேர்ந்தார்கள். முதலில் ஒரு குறும்படத்துக்கு எழுதினார்கள். பிறகு 1961இல் ‘பிளாசிதோ’. தமிழில் திரைக்கதை என்றவுடன் நம் நினைவு வசனத்துக்குத்தான் போகும். வசனகர்த்தா என்ற சொல்லுக்கு நம்மிடம் இருக்கும் மரியாதை அப்படி. ‘பிளாசிதோ’வைப் பார்க்கும் தமிழ் வாசகர் அந்தப் பழக்கத்தைக் கழற்றி வைத்துவிட வேண்டும். இதில் தனித்து ஒலிக்கும் வசனம் என்று ஒன்றும் கிடையாது. ஒரே நேரத்தில் ஏழெட்டுப் பேர் பேசுகிறார்கள். ஒருவர் சொல்வது இன்னொருவர் காதில் விழுவதில்லை. அந்தச் சந்தடிக்குள் ஒரு மனிதன் ஒரே ஒரு விஷயத்தை மீண்டும் மீண்டும் சொல்ல முயல்கிறான், யாருக்கும் கேட்கவில்லை.

அவன்தான் பிளாசிதோ. கூரையில் பெரிய நட்சத்திரம் கட்டிய மூன்று சக்கரச் சரக்கு வண்டியின் சொந்தக்காரன். சொந்தக்காரன் என்று இன்னும் சொல்ல முடியாது, முதல் தவணை அன்று இரவுக்குள் கட்டியாக வேண்டும். அன்று கிறிஸ்துமஸுக்கு முந்தைய நாள். ஊரின் கனவான் வீட்டுப் பெண்கள், ஆளுக்கு ஓர் ஏழையை வீட்டுக்கு அழைத்து விருந்து வைக்கும் புண்ணியக் காரியத்தில் இறங்கியிருக்கிறார்கள். மத்ரித்திலிருந்து நடிகர் நடிகைகளும் வருகிறார்கள், அவர்களோடு உணவருந்தும் வாய்ப்பு ஏலத்துக்கு விடப்படுகிறது. செலவை ஏற்பது ஒரு சமையல் பாத்திரக் கம்பெனி. ஊர்வலத்துக்கு வண்டி ஓட்டும் பிளாசிதோவுக்குக் கூலி பாக்கி. தர்மத்தில் மும்முரமாக இருக்கும் ஒருவருக்கும் அந்தக் கூலியைக் கொடுக்க நேரமில்லை. அவனுடைய மனைவி பொதுக் கழிப்பறையில் வேலை பார்க்கிறாள். குடும்பம் அன்றைய பொழுதைப் பாதிக்கு மேல் அங்கேதான் கழிக்கிறது. விருந்துக்கு வந்த ஓர் ஏழை, ஒரு வீட்டில் உயிருக்கு மன்றாடுகிறார். அவர் ஒரு பெண்ணோடு மணமாகாமல் வாழ்கிறார் என்று தெரிந்ததும் வீட்டார் பதறுகிறார்கள். மருத்துவத்தைவிடத் திருமணம் அவசரமாகிவிடுகிறது. பாவத்தோடு ஒருவர் தங்கள் வீட்டில் செத்துவிடக் கூடாது. பிறகு அந்தப் பிணத்தை ஏற்றிச் செல்லவும் பிளாசிதோவின் வண்டிதான் வேண்டியிருக்கிறது.

‘ஓர் ஏழையை உங்கள் மேசையில் அமர்த்துங்கள்’ என்பது அக்கால ஸ்பெயினில் உண்மையாகவே புழங்கிய முழக்கம். படத்துக்கும் அதையே தலைப்பாக வைக்க நினைத்தார்கள், தணிக்கை மறுத்துவிட்டது. அந்தக் கதையைக் கத்தலோனியாவின் மன்ரேசா நகரத்துத் தெருக்களில் படமாக்கினார்கள். சிறந்த அயல்மொழிப் படத்துக்கான ஆஸ்கர் இறுதிப் பட்டியல் வரை சென்று, இங்மர் பெர்க்மனின் படத்திடம் பரிசை இழந்தது.

இனி அலுகோசுக்கு வருவோம். 1959இல் வலென்சியாவில் விஷம் வைத்துக் கொன்ற வழக்கில் பிலார் பிராதெஸ் என்ற பெண்ணுக்கு மரண தண்டனை நிறைவேறியது. அந்தக் காலையில் தண்டனையை நிறைவேற்ற வேண்டியவர் நிலைகுலைந்து போனார், அவருக்கு மயக்க மருந்து கொடுத்து இழுத்துச் செல்ல வேண்டியிருந்தது என்று ஒரு வழக்கறிஞர் பெர்லாங்காவிடம் சொன்னார். பெர்லாங்காவின் மனத்தில் ஒரு படிமம் ஒட்டிக்கொண்டது: வெறுமையான பெரிய வெள்ளைக் கூடம், இரண்டு கூட்டம், ஒன்று சாகப்போகிறவனை இழுக்கிறது, மற்றது கொல்லப்போகிறவனை இழுக்கிறது. அந்தப் படிமத்திலிருந்து பின்னோக்கி வழி வெட்ட வேண்டும். ஒரு சாதாரண மனிதன் அந்தக் கூடத்துக்கு எப்படி வந்து சேர்ந்தான்? அதற்குத்தான் அஸ்கோனா வேண்டியிருந்தது. இத்தாலியத் தயாரிப்பும் பங்குகொண்டதால் ஃபெல்லினியின் எழுத்தாளர் என்னியோ ஃபிளையானோவின் பெயரும் திரைக்கதையில் சேர்ந்தது.

அஸ்கோனா கட்டிய படிக்கட்டு ஒன்றொன்றாகப் பார்க்கத் தக்கது. சவ அடக்கக் கம்பெனியில் வேலை பார்ப்பதால் ஹோசே லூயிசுக்குப் பெண் கிடைப்பதில்லை. அப்பா அலுகோசு என்பதால் கார்மெனுக்கு மாப்பிள்ளை நிற்பதில்லை. ஆகவே இருவரும் நெருங்குகிறார்கள், நியாயம்தானே. அவள் கருவுறுகிறாள், திருமணம் நடக்கிறது. அரசு ஊழியர் என்ற முறையில் கிழவர் அமாதேயோவுக்குப் புதுக் குடியிருப்பில் வீடு ஒதுக்கப்படுகிறது. 1957இல் வீட்டுவசதிக்கென்றே ஓர் அமைச்சகத்தைத் தொடங்கி, பாட்டாளிகளின் நாட்டைச் சொத்துடையோரின் நாடாக்குவோம் என்று ஆட்சி முழங்கிக்கொண்டிருந்த காலம் அது. ஆனால் கிழவர் ஓய்வு பெறப்போகிறார். ஓய்வு பெற்றால் வீடு போய்விடும். பதவியை மருமகன் ஏற்றுக்கொண்டால் வீடு நிலைக்கும். ஒருபோதும் கூப்பிட மாட்டார்கள், எப்போதும் மன்னிப்பு வந்துவிடும், மாதச் சம்பளத்தை வாங்கிக்கொண்டு இருக்க வேண்டியதுதான் என்கிறார் கிழவர். விண்ணப்பத்துக்குச் சிபாரிசு தேடி, புத்தகக் கண்காட்சியில் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருக்கும் ஓர் அறிஞரிடம் போய் நிற்கிறார்கள். ஹோசே லூயிஸ் கையெழுத்திடுகிறான். அன்றுமுதல் அவன் செய்தித்தாளில் கொலைச் செய்திகளை நடுக்கத்தோடு தேடுகிறான். தெருவில் இரண்டு பேர் சண்டையிட்டால் ஓடிப்போய் விலக்குகிறான், கொலை விழுந்துவிடக் கூடாதே என்று.

ஒருநாள் அழைப்பு வருகிறது, மயோர்க்கா தீவிலிருந்து. சூரியன், கடல், வெளிநாட்டுப் பெண்கள். குடும்பமே உல்லாசப் பயணம் போல உடன் கிளம்புகிறது. ஸ்பெயின் தன்னைச் சுற்றுலாச் சொர்க்கமாக விற்கத் தொடங்கியிருந்த ஆண்டுகள் அவை. புகழ்பெற்ற திராக் குகையில், நிலத்தடி ஏரியில் படகுகள் மிதக்க இசை நிகழ்ச்சி நடக்கிறது. பயணிகள் மெய்மறந்து கேட்கிறார்கள். இருட்டிலிருந்து இன்னொரு படகு வருகிறது, அதில் இரண்டு காவல் படையினர். ஒலிபெருக்கிக் குழலை வாயில் வைத்து ஹோசே லூயிசின் பெயரைக் கூப்பிடுகிறார்கள்.

பிறகு அந்த வெள்ளைக் கூடம். கேமரா உயரத்தில் அசையாமல் நிற்கிறது. எதிர்க்கோடியில் சின்னதாக ஒரு கறுப்புக் கதவு. முதல் கூட்டம் தண்டனைக் கைதியோடு அமைதியாகக் கடந்துபோகிறது. பின்னால் வரும் கூட்டம் ஹோசே லூயிசைத் தள்ளிக்கொண்டும் தாங்கிக்கொண்டும் வருகிறது. நாம் யாருக்காகப் பயப்படுகிறோம் என்று நமக்கே தெரியாமல் போகிறது. அவன் தொப்பி தரையில் விழுகிறது. எல்லோரும் கதவுக்குள் மறைந்த பிறகு ஒருவர் திரும்பி வந்து அந்தத் தொப்பியை எடுத்துக்கொண்டு போகிறார். கொலையை நாம் பார்ப்பதே இல்லை. கப்பலில் திரும்பும்போது இனி ஒருபோதும் செய்ய மாட்டேன் என்கிறான் மருமகன். முதல் தடவை தானும் அப்படித்தான் சொன்னதாக மாமனார் பதிலளிக்கிறார், கையில் பேரக்குழந்தையோடு.

இந்தப் படத்தைப் பலமுறை பார்த்திருக்கிறேன். ஒவ்வொரு முறையும் ஹோசே லூயிஸ் எந்தப் படியில் நின்றிருக்கலாம் என்று தேடுவேன். பையைத் திருப்பிக் கொடுக்காமல் இருந்திருக்கலாமா? அவளை மணக்காமல் விட்டிருக்கலாமா? பிள்ளைக்கு வீடு வேண்டாம் என்றிருக்கலாமா? நிறுத்தும்படியான படி ஒன்றுகூடத் தென்படவில்லை. அந்தக் கட்டுமானம் அவ்வளவு நேர்மையானது. பார்ப்பவனுக்கு ‘நான் செய்திருக்க மாட்டேன்’ என்று ஒதுங்கிக்கொள்ள ஒரு மூலைகூட அது விட்டுவைக்கவில்லை.

படம் வெனிஸுக்குப் போன வேளையும் சாதாரணமானதல்ல. 1963 ஏப்ரலில் கம்யூனிஸ்ட் தலைவர் ஹூலியான் கிரிமாவ் சுட்டுக் கொல்லப்பட்டார். ஆகஸ்ட் 17 அன்று பிரான்சிஸ்கோ கிரானாதோ, ஹோவாக்கின் தெல்காதோ என்ற இரண்டு அராஜகவாதிகள் இதே இரும்புப் பட்டையால் கொல்லப்பட்டனர். அதன்பின் சில நாட்களிலேயே வெனிஸ் விழா. ரோமில் ஸ்பெயினின் தூதராக இருந்த ஆல்ஃபிரெதோ சாஞ்செஸ் பெய்யா கொதித்துப்போய் வெளியுறவு அமைச்சருக்குக் கடிதம் எழுதினார். இது ஸ்பெயினுக்கு எதிரான அவதூறு என்பது அவர் வாதம். விமர்சகர் பரிசு இந்தப் படத்துக்கும் கிடைத்தது. ஸ்பெயினில் வெளியானபோது நான்கு நிமிடங்களுக்கு மேல் வெட்டு. வெட்டப்பட்டவற்றில் ஒன்று என்னைத் திகைக்க வைக்கிறது: கிழவரின் பைக்குள் இரும்புகள் உரசிக் கிணுகிணுக்கும் ஓசை. தணிக்கையாளருக்கு நல்ல காது இருந்திருக்கிறது. படத்தின் உயிர் எங்கே இருக்கிறது என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது.

தணிக்கை இருந்ததால்தான் இவ்வளவு நுட்பமான படங்கள் வந்தன என்று ஒரு கருத்து சினிமா எழுத்துகளில் அடிக்கடி தலைகாட்டும். எனக்கு இதில் உடன்பாடில்லை. ‘குட்டி வண்டி’யின் முடிவைத் தணிக்கை கெடுத்தது. அஸ்கோனாவின் முதல் திரை முயற்சியையே அது கருவில் அழித்தது. போர்முனையின் இரு தரப்பும் ஒரு கன்றுப் பசுவுக்காக மோதும் ‘லா வக்கீய்யா’ என்ற கதையை அவரும் பெர்லாங்காவும் திட்டமிட்டுப் பல ஆண்டுகள் தவித்தார்கள். 1985இல்தான் படம் வந்தது. நுட்பத்தைக் கொடுத்தது அஸ்கோனாவின் பார்வை. வாடகை, தவணை, சிபாரிசுக் கடிதம் போன்றவற்றில் அவர் கண் வைத்திருந்தார். அவை எந்தத் தணிக்கை விதியிலும் தடை செய்யப்பட்டவை அல்ல. ஆட்சியைப் பற்றி ஒரு சொல் பேசாமலேயே ஆட்சி மக்களின் சமையலறை வரை வந்து உட்கார்ந்திருப்பதை அவரால் காட்ட முடிந்தது இதனால்தான்.

அவர் வேலை செய்த விதமும் இதோடு ஒட்டியதே. இயக்குநரோடு காப்பிக்கடையில் உட்கார்ந்து மாதக்கணக்கில் பேசுவார். பக்கத்து மேசைப் பேச்சையும் விடாமல் கேட்பார். பேசித் தீர்ந்த பிறகே தட்டச்சு. பேட்டி கொடுப்பதையும் விழா மேடையையும் தவிர்த்தார். நீண்ட காலம் அவர் முகமே பலருக்குத் தெரியாது.

இத்தாலிக்குத் திரும்பிய ஃபெர்ரேரியோடு அவர் கூட்டு தொடர்ந்தது. அதன் உச்சம் 1973இன் ‘லா கிராந்த் பூஃப்’, நான்கு நண்பர்கள் ஒரு மாளிகைக்குள் அடைந்துகொண்டு சாகும்வரை தின்பது. இல்லாமையின் கணக்கைப் போட்டவர் மிகுதியின் கணக்கையும் போட்டுப் பார்த்திருக்கிறார். விடை இரண்டிலும் பிணம்தான். ஆனால் எனக்கு அந்தப் படம் அவ்வளவு நெருக்கமில்லை. அங்கே யாருக்கும் எதுவும் தேவைப்படவில்லை. தேவை இல்லாத இடத்தில் அஸ்கோனாவின் மனிதர்கள் கொஞ்சம் வெளிறிப்போகிறார்கள்.

கார்லோஸ் சௌராவுக்காக எழுதியவை வேறு மாதிரி. 1974இன் ‘லா பிரிமா ஆங்கெலிகா’வில் நடுவயது மனிதன் ஒருவன் தன் பிள்ளைப் பருவ வீட்டுக்குத் திரும்புகிறான். நினைவுக் காட்சிகளில் சிறுவனாக வருவதும் அதே வழுக்கைத் தலை நடிகர் ஹோசே லூயிஸ் லோபெஸ் வாஸ்கெஸ்தான், ஒப்பனை மாற்றம்கூட இல்லாமல். ஃபிராங்கோ ஆதரவாளரான மாமாவுக்குக் கை முறிந்து, மாவுக்கட்டுப் போட்டிருக்கிறது. கட்டு போட்ட கோணத்தில் கை பாசிச வணக்கம் போல நிரந்தரமாகத் தூக்கியே நிற்கிறது. இதை ஓர் அவமானமாக எடுத்துக்கொண்ட வலதுசாரிகள் பார்சலோனாவில் படம் ஓடிய திரையரங்குக்குத் தீவைத்தார்கள். கான் விழாவில் படத்துக்கு நடுவர் பரிசு. இதற்குப் பின் சௌராவும் அவரும் பிரிந்தார்கள். ‘ஆய், கார்மெலா’வில் மீண்டும் சேர்ந்தபோது 1990 ஆகியிருந்தது.

1975 நவம்பரில் ஃபிராங்கோ இறந்தார், 1977இல் தணிக்கை ஒழிந்தது. அடுத்த ஆண்டே பெர்லாங்காவோடு ‘லா எஸ்கொப்பேத்தா நாசியோனால்’. வீட்டு வாசலில் பொருத்தும் அழைப்புக் கருவிகளைத் தயாரிக்கும் கத்தலான் வியாபாரி ஒருவர், அமைச்சர்கள் வரும் வேட்டை விருந்துக்குத் தன் செலவில் ஏற்பாடு செய்கிறார். அரசாங்கத்தில் ஒரு காரியம் ஆக வேண்டும். ஆளைப் பிடித்து முடிக்கும் தருணத்தில் அமைச்சரவை மாறுகிறது, மறுபடி முதலிலிருந்து. அருமையான படம். அதன் வெற்றியைத் தொடர்ந்து அதில் வரும் பிரபுக் குடும்பத்தை வைத்து எடுத்த இரண்டு படங்கள் தளர்ந்தவை.

பிறகு ஓர் இளைய தலைமுறை அவரைத் தேடி வந்தது. ஃபெர்னாண்டோ த்ருயேபாவுக்கு அவர் எழுதிய ‘பெல் எபோக்’ 1994இல் ஆஸ்கர் பெற்றது. ஹோசே லூயிஸ் கார்சியா சாஞ்செஸுக்கும் ஹோசே லூயிஸ் குவெர்டாவுக்கும் எழுதினார். திரைக்கதைக்காக ஆறு கோயா விருதுகள், அவற்றில் கடைசி அவர் மறைவுக்குப் பின் வந்தது. இவை தவிர வாழ்நாள் சாதனைக்காக 1998இல் ஒன்று. இறுதி ஆண்டுகளில் தன் ஐம்பதுகளின் நாவல்களை மீண்டும் கையில் எடுத்து, அன்றைய அச்சம் எழுதவிடாததைச் சேர்த்துத் திருத்தி எழுதினார். 2008 மார்ச்சில் தமது 81ஆம் வயதில் மத்ரித்தில் காலமானார். தகனம் முடிந்த பிறகே செய்தி வெளியே போக வேண்டும் என்பது அவர் விருப்பம், அப்படியே நடந்தது.

குவெர்டாவுக்காக மனுவேல் ரிவாஸின் மூன்று சிறுகதைகளைப் பின்னி அவர் எழுதிய படம் ‘லா லெங்குவா தெ லாஸ் மரிபோசாஸ்’, ‘வண்ணத்துப்பூச்சியின் நாக்கு’, 1999. 1936இன் கலீசியக் கிராமம். அப்பா ஒரு தையற்காரர், குடியரசின் பக்கம் நிற்பவர். மகன் மொஞ்சோவுக்கு இயற்கையைச் சொல்லிக்கொடுத்த முதிய ஆசிரியருக்கு நன்றிக் கடனாக ஓர் உடுப்புத் தைத்துக் கொடுக்கிறார். ஜூலையில் கலகம் வெடிக்கிறது. ஊர்ச் சதுக்கத்தில் கைதிகளை லாரியில் ஏற்றுகிறார்கள், அவர்களில் ஆசிரியரும் ஒருவர். குடும்பத்தைக் காப்பாற்ற வேண்டுமானால் எல்லோரோடும் சேர்ந்து திட்ட வேண்டும். அம்மா முதலில் கத்துகிறாள், அப்பாவையும் கத்தச் சொல்கிறாள். தையற்காரர் கண்ணீரோடு தன் நண்பரைப் பார்த்து வசவுகளைக் கத்துகிறார். அப்புறம் பையனுடைய முறை. நாத்திகன், சிவப்பன் என்று கத்திக்கொண்டே லாரியின் பின்னால் ஓடிக் கல்லை வீசுகிறான். தெரிந்த வசவுகள் தீர்ந்துபோகின்றன. ஆசிரியர் வகுப்பில் கற்றுக்கொடுத்த சொற்கள்தான் மிச்சம் இருக்கின்றன. தன் இணைக்குப் பூக்கொடுக்கும் பறவையின் பெயரைக் கத்துகிறான். அடுத்து, பூவுக்குள் நுழைந்து தேனை உறிஞ்சும் வண்ணத்துப்பூச்சி நாக்கின் பெயரைக் கத்துகிறான்.